எலுமிச்சை பார்: நான்கு வழிகளில் எதை எடுப்பது?

வெட்டிய துண்டைப் பக்கவாட்டில் பார்த்தாலே எலுமிச்சை பாரின் தரம் தெரிந்துவிடும். கீழே அரை விரல் கனத்துக்கு வெண்ணெய் பிஸ்கட் அடுக்கு. அதன் மேல் ஒரு விரல் கனத்துக்கு மஞ்சள் நிறத்தில் புளிப்பு அடுக்கு. இரண்டும் கோடு போட்ட மாதிரி பிரிந்து நிற்க வேண்டும். கத்தி இறங்கிய இடம் வழவழவென்று இருக்கணும்; வழியவும் கூடாது, ரப்பர் மாதிரி துள்ளவும் கூடாது. வாயில் போட்டதும் முதலில் புளிப்பு தெரிந்து, அப்புறம்தான் இனிப்பு வரணும்.

இது அமெரிக்க வீட்டுப் பலகாரம். 1960களின் தொடக்கத்தில் அங்குள்ள பத்திரிகைகளிலும் சமையல் குறிப்புகளிலும் பரவி, இன்றைக்கு சர்ச் கூட்டம், பள்ளி விழா, பக்கத்து வீட்டில் குழந்தை பிறந்தது என்று எல்லாவற்றுக்கும் ஒரு தட்டு போகிற அளவுக்கு வந்துவிட்டது. நான் முதன்முதலில் சாப்பிட்டது நியூ ஜெர்சியில், அக்கா வீட்டில். எதிர் வீட்டு அம்மா ஒரு கண்ணாடித் தட்டில் ஃபாயில் மூடிக் கொடுத்தனுப்பியிருந்தார். அக்கா ஒரு துண்டை எடுத்து என் கையில் வைத்து, "சாப்டு பாரு, நம்ம எலுமிச்சம்பழ மிட்டாய் ஞாபகம் வரும்" என்றாள். வந்தது.

திருச்சிக்குத் திரும்பிய பிறகு எட்டு வருடமாக இதைச் செய்துகொண்டிருக்கிறேன். கேட்பவர்கள் எல்லோரும் "எந்த ரெசிபி நல்லா வரும்?" என்றுதான் கேட்கிறார்கள். கீழ் அடுக்கு எல்லா ரெசிபியிலும் ஏறக்குறைய ஒன்றுதான். மேல் அடுக்கை எதை வைத்துக் கெட்டியாக்கப் போகிறோம் என்பதில்தான் முடிவெடுக்க வேண்டும். முட்டையையும் மைதாவையும் அடித்து ஊற்றி வேகவிடலாம். அடுப்பிலேயே லெமன் கர்ட், அதாவது முட்டையும் எலுமிச்சைச் சாறும் சேர்ந்த கெட்டிக் கலவை, காய்ச்சி ஊற்றலாம். கண்டென்ஸ்டு மில்க்கில் சாறு கலந்து செய்யலாம். முட்டையே இல்லாமல் கார்ன்ஃப்ளாரில் செய்யலாம். நான்கையும் பலமுறை செய்து பார்த்துவிட்டேன். யாருக்காக, எந்த நேரத்துக்கு, எந்தப் பழத்தில் செய்கிறோம் என்பதைப் பொறுத்து விடை மாறுகிறது. அதனால் பழத்திலிருந்தே தொடங்குகிறேன்.

நம் எலுமிச்சை வேறு, அவர்கள் லெமன் வேறு

அமெரிக்கக் குறிப்புகளில் 'மூன்று லெமன்' என்று படித்துவிட்டு காந்தி மார்க்கெட்டில் மூன்று எலுமிச்சை வாங்கி வந்தால் காரியம் நடக்காது. அங்கே கடைகளில் கிடைப்பது பெரும்பாலும் யுரேகா, லிஸ்பன் என்ற வகைகள். முட்டை வடிவம், நுனியில் சிறு கூம்பு, தடித்த தோல். ஒரு பழத்தைப் பிழிந்தால் சுமார் 45 மில்லி, அதாவது மூன்று மேஜைக்கரண்டி சாறு வரும். புளியங்குடியிலிருந்து நம் ஊர்களுக்கு மூட்டை மூட்டையாக வருகிற எலுமிச்சை உருண்டையாக, மெல்லிய தோலோடு இருக்கும். நல்ல சாறுள்ள பழத்திலேயே 15 முதல் 20 மில்லிதான் வரும். எட்டு அங்குலச் சதுர டின்னுக்கு 120 மில்லி சாறு வேண்டும். அவர்களுக்கு மூன்று பழம் போதும்; நமக்கு ஏழு, எட்டு ஆகும்.

எண்ணிக்கையை விடுங்கள், பழமே வேறு. நாம் எலுமிச்சை என்பதும், இலங்கையில் தேசிக்காய் என்பதும் அவர்கள் கணக்கில் லைம் வகை. சிட்ரஸ் ஆரன்டிஃபோலியா என்ற இந்த இனத்தைத்தான் அமெரிக்காவில் 'கீ லைம்' என்கிறார்கள். ஃப்ளோரிடாவின் தென்கோடியில் இருக்கும் தீவுக்கூட்டத்தின் பெயரால் வந்த பெயர். இதைத் தெரிந்துகொண்ட பிறகுதான் என் சமையலில் பல விஷயங்கள் விளங்கின. ஏன் என்பதைக் கண்டென்ஸ்டு மில்க் பற்றிச் சொல்லும்போது சொல்கிறேன்.

புளிப்பில் இரண்டுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. மணத்தில்தான் வித்தியாசம். லெமன் பாரின் மணம் பாதிக்கு மேல் தோலிலிருந்து வருகிறது. தடித்த தோல் லெமனைத் துருவினால் மேல் மஞ்சள் மட்டும் தாராளமாக வரும். உள்ளே இருக்கும் கசப்பான வெள்ளைப் பகுதிக்குத் துருவி போவதற்குள் நமக்கு வேண்டியது கிடைத்துவிடும். நம் எலுமிச்சையில் அந்த வசதி இல்லை. ஒரு இடத்தில் இரண்டாவது தடவை தேய்த்தால் வெள்ளை வந்துவிடும், பாரில் கசப்பு ஏறிவிடும். அதனால் பழத்தை உருட்டிக்கொண்டே ஒரு இடத்தை ஒருமுறை மட்டும் தேய்க்க வேண்டும். எட்டுப் பழத்தையும் அப்படித் துருவினால் இரண்டு டீஸ்பூன் தேறும். பச்சையாக இருக்கும் பழத்தின் தோலில் காரமான ஒரு நெடி உண்டு. ரசத்துக்குப் பொருந்தும் அந்த மணம் பாருக்கு ஒத்துவராது. இரண்டு மூன்று நாள் வெளியே வைத்து மஞ்சளாகட்டும், பிறகு துருவுங்கள். துருவியதைச் சர்க்கரையில் போட்டு விரலால் நன்றாகக் கசக்கினால் சர்க்கரை ஈரமணல் மாதிரி ஆகி, சமையலறையே மணக்கும். சர்க்கரை சேர்க்கிற எந்த வழியில் செய்தாலும் இந்த ஒரு வேலையைத் தவிர்க்காதீர்கள்.

பெரிய ஊர்களின் சூப்பர் மார்க்கெட்டுகளில் வெளிநாட்டு லெமன் கிடைக்கிறது. விலை அதிகம், தோலில் மெழுகு பூசியிருந்தால் வெந்நீரில் தேய்த்துக் கழுவ வேண்டும். மலைப்பக்கத்திலிருந்து வரும் கொடி எலுமிச்சை கிடைத்தால் விடாதீர்கள். தோல் தடிப்பாக, மணமாக இருக்கும். சாற்றுக்கு நம் எலுமிச்சை, தோலுக்கு ஒரு கொடி எலுமிச்சை என்று கலந்து செய்தபோது வந்த பார்தான் இந்த எட்டு வருடத்தில் அக்கா வீட்டில் சாப்பிட்டதற்கு மிக அருகில் வந்தது. பாட்டில் சாறு எதற்கும் வேண்டாம்.

அடித்து ஊற்றி வேகவிடுவது

பழைய வழி இதுதான். பிஸ்கட் அடுக்கை முதலில் தனியாக வேகவிட்டு, சூடாக இருக்கும்போதே முட்டை, சர்க்கரை, சாறு, மைதா கலவையை மேலே ஊற்றி மறுபடி அவனில் (oven) வைப்பது. என் அளவு: முட்டை 4, சர்க்கரை 250 கிராம், சாறு 120 மில்லி, மைதா 25 கிராம், துருவிய தோல். நம் முட்டை அமெரிக்க 'லார்ஜ்' முட்டையைவிடப் பெரும்பாலும் சிறியது. அங்குள்ள குறிப்பில் மூன்று என்று இருந்தால் நான் நான்கு போட்டுவிடுவேன்.

இந்த வழியின் பெரிய பலம் உறுதி. துண்டு நிமிர்ந்து நிற்கும். டப்பாவில் அடுக்கி பஸ்ஸில் எடுத்துப்போகலாம், பள்ளிக்குக் கொடுத்தனுப்பலாம், ஃப்ரீசரில் ஒரு மாதம் வைக்கலாம். பாத்திரமும் குறைவு: ஒரு கிண்ணம், ஒரு விஸ்க். புளிப்பும் கலப்படமில்லாமல் நேராக நாக்குக்கு வரும், ஏனென்றால் அதை அமுக்குவதற்குப் பாலோ அதிக வெண்ணெயோ இதில் இல்லை.

பலவீனம் இரண்டு. ஒன்று, மேலே வெள்ளையாக ஒரு ஏடு படிவது. முட்டையை வேகமாக அடித்து நுரை எழுப்பினால் அந்தக் குமிழ்களெல்லாம் மேலே ஏறி மெல்லிய பப்படம் மாதிரி காய்ந்துவிடும். பழைய குறிப்புகள் சிலவற்றில் பேக்கிங் பவுடர் வேறு சேர்ப்பார்கள். அது இன்னும் பொங்கவைக்கும். பேக்கிங் பவுடரை விட்டுவிடுங்கள். அடிக்காமல் கலக்குங்கள், பத்து நிமிடம் ஆறவிட்டு நுரையைக் கரண்டியால் வழித்துவிடுங்கள். இரண்டாவது, முட்டை வாடை. வெள்ளைக்கரு அதிக நேரம் சூட்டில் இருந்தால் கந்தக வாடை கிளம்பும். அவித்த முட்டையை மறந்துபோய் அதிகம் வேகவிட்டால் வருகிற அதே வாடை. கலவையை வடிகட்டி ஊற்றினால் வெள்ளைக்கரு இழைகள் நின்றுவிடும். 160 டிகிரி செல்சியஸில் 22 முதல் 25 நிமிடம். ஓரம் கெட்டியாகி, டின்னை லேசாக ஆட்டும்போது நடுவில் மட்டும் கெட்டித் தயிர் மாதிரி அசைந்தால் எடுத்துவிட வேண்டும். ஆறும்போது மீதியும் இறுகிவிடும். நடுவும் அசையாமல் நிற்கும்வரை காத்திருந்தால் தாண்டிவிட்டது என்று அர்த்தம்.

சர்க்கரையைப் பார்த்துப் பயந்து குறைப்பவர்கள் உண்டு. 200 கிராம் வரை குறைக்கலாம், புளிப்பு தூக்கலாக நன்றாகவே இருக்கும். அதற்குக் கீழே போனால் இனிப்பு குறைவதோடு நிற்காது. சர்க்கரை முட்டை இறுகும் வேகத்தைக் குறைக்கிறது. அது போதாவிட்டால் முட்டை சீக்கிரம் இறுகி, ஆம்லெட் மாதிரி கடிபடும்.

அடுப்பில் காய்ச்சுவது

இதில் வேகவிடும் பொறுப்பை அவனிடம் விடாமல் நம் கையில் எடுத்துக்கொள்கிறோம். முழு முட்டை 2, மஞ்சள் கரு 5, சர்க்கரை 200 கிராம், சாறு 120 மில்லி. எல்லாவற்றையும் ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் பாத்திரத்தில் கலந்து, சிறுதீயில் அல்லது கொதிக்கும் தண்ணீருக்கு மேலே வைத்துக் கிளற வேண்டும்.

முதல் ஐந்து நிமிடம் ஒன்றுமே நடக்காது. தண்ணீர் மாதிரியே இருக்கும், மேலே நுரை மட்டும் மிதக்கும். அந்த நேரத்தில்தான் பலரும் பொறுமை இழந்து தீயைக் கூட்டுகிறார்கள். கூட்டாதீர்கள். பிறகு நுரை தானாக அடங்கும். கரண்டி போகிற வழியில் பாத்திரத்தின் அடி ஒரு கணம் தெரிந்து மறையும். ரப்பர் கரண்டியைத் தூக்கி அதன் முதுகில் விரலால் ஒரு கோடு இழுத்தால், கோடு மூடாமல் நிற்கும். வெப்பமானி இருந்தால் 76, 77 டிகிரி காட்டும். அந்த நிமிடத்தில் இறக்கி, 60 கிராம் குளிர்ந்த வெண்ணெயைத் துண்டு துண்டாகப் போட்டுக் கிளறி, கம்பி வடிகட்டியில் வடிக்க வேண்டும். வடிகட்டியில் தங்குவதைப் பார்த்தால் ஏன் வடிக்கச் சொல்கிறேன் என்று புரியும்: வெந்த வெள்ளைக்கரு நூல்கள், கண்ணுக்குத் தெரியாமல் நழுவிய ஒன்றிரண்டு விதை. கீழே இறங்கியது பட்டு மாதிரி இருக்கும். அதைச் சூடான பிஸ்கட் அடுக்கின் மேல் ஊற்றி 175 டிகிரியில் பத்து நிமிடம் வைத்தால் போதும்.

ருசியில் நான்கிலும் இதுதான் முதல். வெள்ளைக்கரு குறைவு என்பதால் முட்டை வாடை ஏறக்குறைய இல்லை. மேலே ஏடு படிவதில்லை. வெண்ணெய் இருந்தும் புளிப்பு மங்காது. கெட்டியானதைக் கண்ணால் பார்த்த பிறகே ஊற்றுவதால் வேகாமல் போகிற பயமும் இல்லை. முதல்முறை செய்பவர்களுக்கு இது கஷ்டம் என்று பலர் எழுதுகிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. பாயசம் அடிப்பிடிக்காமல் கிளறத் தெரிந்தவர்களுக்கு இது தெரிந்த வேலைதான். அவனுக்குள் என்ன நடக்கிறது என்று கண்ணாடி வழியே ஊகிப்பதுதான் புதிதாக வருபவருக்குக் கஷ்டம்.

குறை என்று பார்த்தால், மிருதுவாக இருக்கும். திருச்சி மே மாதத்தில் ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்து அரை மணி நேரத்தில் பரிமாறிவிட வேண்டும். வெண்ணெய் 35 டிகிரிக்குள் உருகிவிடும், நம் வெளிவெப்பமே அதைத் தாண்டும். ஐந்து வெள்ளைக்கருவும் மிச்சமாகும். எங்கள் வீட்டில் மறுநாள் காலை அது பொடிமாஸில் போய்விடும்.

பாத்திரம் பற்றி ஒரு வார்த்தை. ஆரம்பத்தில் ஒருமுறை அலுமினியச் சட்டியில் காய்ச்சினேன், அலுமினிய கேக் டின்னிலேயே காகிதம் போடாமல் ஊற்றினேன். நிறம் சாம்பல் பூத்தது, ஒவ்வொரு வாயிலும் கரண்டியை நக்கிய மாதிரி உலோக ருசி. எட்டுப் பழமும் ஏழு முட்டையும் குப்பைக்குப் போயின. எலுமிச்சைச் சாற்றின் அமிலம் அலுமினியத்தைக் கரைக்கிறது, அவ்வளவுதான் காரணம். நம் கடைகளில் விற்கும் கேக் டின்கள் பெரும்பாலும் அலுமினியமே. அவற்றை ஒதுக்க வேண்டாம், பட்டர் பேப்பரை நாலு பக்கமும் மேலே வரும்படி விரித்தால் போதும். வெந்த பிறகு அந்தக் காகிதத்தைப் பிடித்து முழுப் பாரையும் வெளியே தூக்கிவிடலாம் என்பது கூடுதல் லாபம்.

கண்டென்ஸ்டு மில்க்

இந்த வழியை நான் வெகுநாள் சோம்பேறிகளின் வழி என்று ஒதுக்கியே வைத்திருந்தேன். கீ லைமும் நம் எலுமிச்சையும் ஒன்று என்று தெரிந்த பிறகுதான் மறுபடி யோசித்தேன்.

ஃப்ளோரிடாவின் தென்கோடித் தீவுகளில் முன்பு பசும்பால் கிடைப்பது அரிது. ஐஸும் கிடையாது. கீ வெஸ்ட் தீவுக்கு ரயிலே 1912இல்தான் போனது. ஆனால் டின்னில் அடைத்த கண்டென்ஸ்டு மில்க் கெடாமல் இருந்தது. கெயில் போர்டன் 1856இலேயே அதற்குக் காப்புரிமை வாங்கியிருந்தார். தீவில் காய்த்த சின்ன எலுமிச்சையும் டின் பாலும் சேர்ந்து பிறந்ததுதான் கீ லைம் பை (pie) என்ற பலகாரம். 2006இல் ஃப்ளோரிடா அதைத் தன் மாநிலப் பையாகவே அறிவித்தது. ஆக, நம் சந்தையில் கிடைக்கும் அதே பழத்துக்கு அமெரிக்காவிலேயே பொருத்தமான கூட்டாளியைக் கண்டுபிடித்து வைத்திருக்கிறார்கள். நம் எலுமிச்சையின் கூர்மையான மணத்துக்கு, மெல்லிய தோலில் அதிகம் துருவ முடியாத குறைக்கு, பாலின் கனம் நன்றாக ஈடுகொடுக்கிறது. முட்டை வழியில் சற்றே மொட்டையாகத் தெரியும் அந்த மணம், பாலோடு சேரும்போது நிறைவாக இருக்கிறது. யுரேகா லெமனில் செய்தால் இதே கலவை எனக்கு மந்தமாகப் பட்டது.

செய்வது எளிது. 400 கிராம் டின் ஒன்று, மஞ்சள் கரு 3, சாறு 120 மில்லி. வேறு சர்க்கரை வேண்டாம். சாற்றை ஊற்றிக் கலக்கக் கலக்க, அடுப்பே இல்லாமல் கண் முன்னால் கெட்டியாகும். கொதிக்கும் பாலில் எலுமிச்சை பிழிந்தால் பன்னீராகத் திரிந்து தண்ணீர் தனியாகப் பிரிகிறதே, இதில் ஏன் பிரியவில்லை? இதில் தண்ணீர் ஏற்கெனவே வற்றவைத்தது, சர்க்கரை ஏராளம், சூடும் இல்லை. அமிலம் பட்டதும் பால் புரதம் கட்டி கட்டியாகத் திரளாமல் முழுவதுமாக ஒரே சீராக இறுகுகிறது. பிறகு 170 டிகிரியில் 15 நிமிடம். கெட்டியாகிவிட்டதே, வேகவிடாமலே வைத்துவிடலாமா என்று கேட்பவர்களுக்கு: பச்சை மஞ்சள் கரு இருக்கிறது, வேகவிடுங்கள். மஞ்சள் கரு வேண்டாம் என்றாலும் இது இறுகும். அப்போது இரண்டு மேஜைக்கரண்டி கார்ன்ஃப்ளார் கலந்து அதே 15 நிமிடம் வைத்தால் வெட்டுகிற பதம் வரும்.

இதற்குக் கீழே வெண்ணெய் பிஸ்கட் அடுக்கைவிட, உடைத்த மேரி பிஸ்கட் 180 கிராமும் உருக்கிய வெண்ணெய் 80 கிராமும் ஒரு தாராளமான சிட்டிகை உப்பும் சேர்த்து அழுத்தியதுதான் எனக்குப் பிடிக்கிறது. மேலே இனிப்பு அதிகம் என்பதால் கீழே உப்பு தெரிய வேண்டும். நார்த் கரோலினா கடற்கரையில் உப்பு பிஸ்கட்டையே நொறுக்கி அடியில் போடுவார்கள்.

குறை, இனிப்புதான். சர்க்கரையைக் குறைக்க நம் கையில் ஒன்றும் இல்லை, டின்னுக்குள்ளேயே இருக்கிறது. புளிப்பு முதலில் வரணும் என்று தொடக்கத்தில் சொன்னேன். இதில் இரண்டும் ஒன்றாக வரும். நாலு மணி நேரமாவது ஃப்ரிட்ஜில் இருந்தால்தான் கத்திக்கு நிற்கும். குழந்தைகள் கூட்டத்துக்கு யோசிக்காமல் இதையே செய்வேன்.

முட்டையே வேண்டாம் என்றால்

எங்கள் அத்தை முட்டை தொடமாட்டார். புரட்டாசி மாதம் வந்தால் வீட்டில் யாருக்குமே முட்டை கிடையாது. முதல்முறை கார்ன்ஃப்ளாரில் செய்து ஒரு துண்டு நீட்டினேன். கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "என்னம்மா இது, எலுமிச்சம்பழத்துல அல்வாவா?" என்றார். சாப்பிட்ட பிறகு, "இனிப்பு சரி. புளிப்பு இன்னும் கொஞ்சம் இருக்கலாம்" என்றார். சரியான விமர்சனம். மாவு எப்போதுமே புளிப்பை மட்டுப்படுத்தும்.

தண்ணீர் 240 மில்லி, சர்க்கரை 180 கிராம், கார்ன்ஃப்ளார் 50 கிராம் கட்டியில்லாமல் கரைத்துக் கிளறி, கண்ணாடி மாதிரி தெளிந்து கொப்பளித்த பிறகு ஒரு நிமிடம் வேகவிட்டு இறக்குங்கள். எலுமிச்சைச் சாற்றை அதற்குப் பிறகுதான் சேர்க்க வேண்டும். அமிலத்தோடு சேர்த்துக் கொதிக்கவிட்டால் மாவுச்சத்து உடைந்து, எவ்வளவு ஆறவைத்தாலும் கூழாகவே நிற்கும். சாறு 100 மில்லி, வெண்ணெய் 40 கிராம், நிறத்துக்கு கத்தி முனையில் எடுத்த மஞ்சள்தூள். அதற்கு மேல் போனால் மஞ்சள் மணக்கும். அத்தை சொன்ன பிறகு சாற்றை 120 ஆக்கி, தண்ணீரை அதே அளவு குறைத்தேன். பாதித் தண்ணீருக்குப் பதில் தேங்காய்ப்பால் விட்டால் வழவழப்பு கூடும், ஆனால் அப்போது அது தேங்காய்ப் பலகாரம்.

நன்றாக வெந்து ஆறிய பிஸ்கட் அடுக்கில் ஊற்றினால் மறுபடி அவன் வேண்டாம். அதனால் அவன் இல்லாத வீட்டுக்கும் இதுதான் வழி: மேரி பிஸ்கட் அடியோடு முழுக்க ஃப்ரிட்ஜிலேயே முடிந்துவிடும். செய்த அன்றே சாப்பிட்டுவிட வேண்டும். மறுநாள் ஓரங்களில் தண்ணீர் விட ஆரம்பிக்கும், அடி நமுத்துப்போகும். ஃப்ரீசரில் வைக்கவே கூடாது. வெளியே எடுத்தால் பஞ்சு மாதிரி ஆகிவிடும்.

அடி அடுக்கும் அவனும்

மைதா 130 கிராம், வெண்ணெய் 115, பொடித்த சர்க்கரை 30. நம் கடைகளில் சாதாரணமாகக் கிடைக்கும் மஞ்சள் வெண்ணெய் உப்பு போட்டது, அதுவே போதும். தனியாக உப்பு வேண்டாம். குளிர்ந்த வெண்ணெயை விரலால் உதிர்த்துப் பிசைவதா, உருக்கி ஊற்றுவதா என்றால், நம் வெயிலுக்கு உருக்கி ஊற்றுவதே நடக்கிற காரியம். உதிர்த்துச் செய்வது சற்று பொலபொலப்பாக வரும். வெண்ணெய்க்குப் பதில் நெய் விடலாமா என்று கேட்கிறார்கள். நெய்யில் தண்ணீர் இல்லாததால் 90 கிராம் போதும், நான்கட்டாய் மாதிரி அருமையாக உதிரும். ஆனால் நெய் மணமும் எலுமிச்சை மணமும் ஒன்றையொன்று அமுக்கப் பார்க்கும். நான் விடுவதில்லை.

அடியை 175 டிகிரியில் ஓரம் பொன்னிறமாகும்வரை, சுமார் 20 நிமிடம், முழுதாக வேகவிடுங்கள். பாதி வெந்த அடியில் ஊற்றினால் நமுத்துப்போகும். விரிசல் இருந்தால் ஒரு சிட்டிகை மாவை ஒதுக்கி வைத்திருந்து அடைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் மேல் கலவை கீழே இறங்கி அடி ஒட்டிக்கொள்ளும்.

ஓ.டி.ஜி. என்கிற சிறு மின்சார அவன் என்றால் இரண்டு கம்பியும் எரிய, நடுத்தட்டில். கன்வெக்‌ஷன் மைக்ரோவேவில் காற்றாடி ஓடுவதால் பத்துப் பதினைந்து டிகிரி குறையுங்கள். கண்ணாடித் தட்டும் அப்படித்தான், சூடு பிடித்தால் விடாது. குக்கரில் உப்பு பரப்பிச் செய்பவர்கள் பிஸ்கட் அடுக்கை மட்டும் அதில் செய்துகொள்ளுங்கள். முட்டைக் கலவை வேண்டாம், மூடியிலிருந்து நீர் சொட்டி மேல்புறம் அம்மைத் தழும்பு மாதிரி ஆகிவிடும்.

என் முடிவு

வெளியூருக்கு எடுத்துப்போக வேண்டும், இருபது துண்டுக்கு மேல் வேண்டும் என்றால் அடித்து ஊற்றுவது. வீட்டுக்கு நாலு பேர் வருகிறார்கள், உட்கார்ந்து ரசித்துச் சாப்பிடப் போகிறார்கள், நல்ல தோலுள்ள பழமும் கிடைத்திருக்கிறது என்றால் அடுப்பில் காய்ச்சுவது. கையில் இருப்பது நம் சின்ன எலுமிச்சை மட்டும், அடுப்படியில் நிற்க நேரமும் குறைவு என்றால் கண்டென்ஸ்டு மில்க்; இதை இரண்டாம்தரம் என்று நினைக்காதீர்கள். வீட்டில் ஒருவர் முட்டை சாப்பிடமாட்டார் என்றாலும் முழுத் தட்டையும் முட்டை இல்லாமலே செய்துவிடுங்கள். அவருக்கு மட்டும் தனித் தட்டு என்று வைத்தால், எது எந்தத் தட்டு என்று அவர் கேட்டுக் கேட்டு எடுக்க வேண்டியிருக்கும். மஞ்சள் கரு இல்லாத கண்டென்ஸ்டு மில்க் பாரும் கார்ன்ஃப்ளார் பாரும் அதற்கு உண்டு. இரண்டையும் ஒரே நாளில் வைத்துக் கொடுத்தபோது அத்தை கார்ன்ஃப்ளாரையே இரண்டாவது தடவையும் எடுத்தார். புளிப்பு சரியாகிவிட்டிருந்தது.

வெட்டுவது மட்டும் நான்குக்கும் ஒன்றுதான். முழுக்க ஆறி, ஃப்ரிட்ஜில் குறைந்தது இரண்டு மணி நேரம் (கண்டென்ஸ்டு மில்க் என்றால் நாலு) இருந்த பிறகு காகிதத்தோடு தூக்கிப் பலகையில் வையுங்கள். நீளக் கத்தியை வெந்நீரில் முக்கித் துடைத்து, அறுக்காமல் மேலிருந்து நேராக அழுத்துங்கள். ஒவ்வொரு வெட்டுக்கும் துடைக்க வேண்டும். பொடித்த சர்க்கரையைத் தட்டு சாப்பாட்டு மேசைக்குப் போகிற நேரத்தில் சல்லடையில் தூவுங்கள். முன்கூட்டியே தூவினால் ஈரத்தில் கரைந்து காணாமல் போய்விடும்.